பச்சைப் பொட்டைப் பிய்த்த ஆபா

அந்த அம்மாள் யாரையும் முதலில் முகத்தைப் பார்த்து விசாரித்ததே இல்லை. காலைத்தான் பார்ப்பார். செருப்பா, ஷூவா, தையல் நேராகப் போயிருக்கிறதா, ஓரத்தில் ஒட்டு விட்டிருக்கிறதா என்று பார்த்து முடித்த பிறகுதான் தலை நிமிரும். அப்புறம்தான் "இன்னாப்பா, நல்லா இருக்கியா?" ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் புது ஷூவைக் குனிந்து பார்த்துவிட்டு, இது மழைக்காலம் வரைக்கும்கூடத் தாங்காது என்று மேடையிலேயே சொல்லிவிட்டார். மாப்பிள்ளையின் அம்மா அன்றோடு பேச்சை நிறுத்திக்கொண்டார். இவருக்கு அதில் துளி வருத்தமும் இல்லை. பிரிந்திருப்பதைப் பிரிந்திருக்கிறது என்று சொன்னால் கோபமா என்று எங்களையே திருப்பிக் கேட்டார்.

எல்லோருக்கும் அவர் ஆபா. உருது பேசும் வீடுகளில் அக்காவை அப்படிக் கூப்பிடுவார்கள். ஆம்பூரில் ஷூ ஃபாக்டரியில் அவரோடு வேலை செய்த பெண்கள் எந்த வீட்டிலிருந்து வந்தவர்களாக இருந்தாலும் ஆபா என்றார்கள். பைக் ரேஸ் ஓட்டிக்கொண்டிருந்த நாங்களும் அப்படியே கூப்பிட்டோம். பெயரை நான் எழுதப்போவதில்லை. எழுதினால் அவருக்கு இன்னொரு வம்பு வரும். பட்டது போதும்.

ஃபாக்டரியில் அவருக்குக் கடைசிச் செக்கிங். தைத்து, ஒட்டி, பாலிஷ் போட்டு வரும் ஜோடியை விளக்குக்குக் கீழே பிடித்துப் பார்த்து, எங்கே கோளாறோ அங்கே சின்னதாக ஒரு சிவப்பு அம்பு ஸ்டிக்கரை ஒட்டவேண்டும். அம்பு ஒட்டினால் ஜோடி திரும்பிப் போகும். ஆபா ஒட்டிய அம்புகளால் லைனில் இருந்தவர்களுக்கு தினமும் பேஜார். டார்கெட் முடியவில்லை, பஸ்ஸை விட்டோம் என்று முணுமுணுப்பார்கள். அவர் கண்டுகொள்ளமாட்டார். அந்த ஸ்டிக்கரை வெளியிலும் ஒட்டுகிற கெட்ட பழக்கம் வேறு இருந்தது. டவுன் பஸ்ஸில் கிழிந்த சீட்டில் ஒட்டுவார். டீக்கடையில் ஆடுகிற பெஞ்சில் ஒட்டுவார். ஒருமுறை ரேஷன் கடைத் தராசில் ஒட்டிவிட்டார். கடைக்காரர் வீடு வரைக்கும் வந்து சண்டை போட்டார். ஆனால் அடுத்த மாதம் தராசை மாற்றியிருந்தார் என்பதையும் சொல்லவேண்டும்.

ஆபா ரேஸுக்கு வந்தது தானாக அல்ல. வருடா வருடம் பொங்கலுக்குப் பிறகு ஹைவேக்குப் பக்கத்தில் ஒரு தோல் ஷெட்காரரின் காலி நிலத்தில் மண் டிராக் போட்டு பைக் ரேஸ் நடக்கும். அதை நடத்திய கமிட்டிக்குச் செயலாளர், ஆபாவின் ஃபாக்டரியில் புரொடக்‌ஷன் மேனேஜர். ஓட்டுகிறவர்கள் போட்டிருக்கும் ஹெல்மெட், பூட்ஸ், கிளவுஸ் எல்லாவற்றையும் யாராவது பார்த்துப் பாஸ் பண்ணினால்தான் பர்மிஷன் தருவோம் என்று போலீஸில் சொல்லிவிட்டார்கள். யாரையாவது நிறுத்தவேண்டும், சம்பளம் கேட்காத ஆளாக இருக்கவேண்டும். மேனேஜர் ஆபாவை ஞாயிற்றுக்கிழமை வரச் சொல்லிவிட்டார். பேருக்கு ஒரு பொம்பளை நிற்பார், ஒட்டச் சொன்ன இடத்தில் ஸ்டிக்கர் ஒட்டுவார் என்று நினைத்திருப்பார். தன் ஃபாக்டரியில் வேலை செய்கிற ஆளைப் பற்றி அவருக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

பாஸ் ஆனவர் ஹெல்மெட்டின் நெற்றியில் ஆபா ஒரு பச்சை வட்ட ஸ்டிக்கர் ஒட்டுவார். நாங்கள் அதைப் பச்சைப் பொட்டு என்போம். பொட்டு இல்லாத ஹெல்மெட்டோடு டிராக்கில் இறங்கக் கூடாது என்பது கமிட்டி போட்ட விதி. நான் போடவில்லை, ஆபா போடவில்லை, அவர்களே போட்டது.

முதல் வருடம் என்னைத்தான் பிடித்தார். பஜாரில் எக்ஸ்போர்ட் ரிஜெக்ட் பூட்ஸ் ஒரு ஜோடி வாங்கிப் போட்டுக்கொண்டு கெத்தாகப் போய் நின்றேன். மற்ற பையன்கள் கேன்வாஸ் ஷூவில் வந்திருந்தார்கள். வெளிநாட்டில் ரேஸ் ஓட்டுகிறவன் காலுக்கெல்லாம் பூட்ஸ் தைத்து அனுப்புகிற ஊர் இது, இங்கே ஓட்டுகிறவனுக்கு கேன்வாஸ் ஷூ! சரி, அதை விடுங்கள். ஆபா என் காலைத் தூக்கித் தன் முழங்கால் மேலே வைத்துக்கொண்டு கணுக்கால் பக்கம் விரலை ஓட்டினார். தையல் அங்கே விலகியிருந்தது.

"இது நான் அம்பு ஒட்டின ஜோடிப்பா" என்றார். "வேணாம், கழட்டு."

அதெல்லாம் வெளிநாட்டுக்காரனுக்குத்தான் ஆபா, நமக்கு இது போதும் என்று நான் இளித்தேன். அவர் முகம் மாறியதை இப்போதும் மறக்கமுடியவில்லை.

"அவன் கணுக்காலுக்குக் கூடாதுன்னு நான் ரிஜெக்ட் பண்ணது, உன் கணுக்காலுக்கு மட்டும் எப்டிப்பா பாஸாவும்? நீ இன்னா கம்மியா?"

அன்று நான் ஓட்டவில்லை. வீட்டுக்கு வந்து நன்றாகத் திட்டினேன். ஆனால் அந்தக் கேள்வி உள்ளே போய் உட்கார்ந்துவிட்டது. அடுத்த ரேஸுக்கு நல்ல பூட்ஸோடு போனேன்.

இப்போது மோகனைப் பற்றிச் சொல்லவேண்டும். அதைச் சொல்லாமல் ஆபாவைச் சொல்லமுடியாது. மோகன் அதே ஃபாக்டரியில் தோலை அச்சில் இழுத்து ஒட்டும் மெஷினில் இருந்தவன். எங்களில் நன்றாக ஓட்டுகிறவன் அவன்தான். ஒரு வருடம் ரேஸுக்குச் சிறப்பு விருந்தினராக ஒரு பெரிய கட்சிப் பிரமுகர் வந்தார். வழக்கம்போல லேட். வந்து, மைக்கைப் பிடித்து, இளைஞர்களின் உயிர் நாட்டின் சொத்து என்று நீளமாகப் பேசினார். பேசி முடித்தபோது குடியாத்தத்தில் அவர் போகவேண்டிய கல்யாணத்துக்கு நேரமாகிவிட்டது. ஹைவேயில் லாரி நெரிசல். கமிட்டி ஆட்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? டிராக் ஓரத்தில் நின்ற ஆம்புலன்ஸை சைரன் போட்டுக்கொண்டு அவர் காருக்கு முன்னால் போகச் சொன்னார்கள். சைரன் கேட்டால் லாரிக்காரன் வழி விடுவான் இல்லையா. எவ்வளவு புத்திசாலித்தனம்!

அது திரும்பி வருவதற்குள் விட்ட ரேஸில் மோகன் விழுந்தான். பின்னால் வந்த வண்டி அவன் தொடை மேல் ஏறியது. ஆம்புலன்ஸ் இல்லை. தண்ணீர் கேன் ஏற்றி வந்த குட்டியானை வண்டியில் கேன்களை இறக்கிப் போட்டுவிட்டு அவனைப் படுக்க வைத்தோம். நானும் ஆபாவும் கூட ஏறினோம். ஹைவே முனையில் போலீஸ் கையைக் காட்டி நிறுத்தினார்கள். பிரமுகரோடு வந்த கார்கள் இன்னும் போய்க்கொண்டிருந்தன, ஒன்றின் பின் ஒன்றாக, கொடி கட்டிக்கொண்டு. மோகன் பல்லைக் கடித்துக்கொண்டு ஆபாவின் துப்பட்டாவை முறுக்கினான். ஆபா கார்கள் போன திசையையே பார்த்துக்கொண்டிருந்தார். வேலூர் ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் ரத்தம் போகவேண்டிய அளவு போய்விட்டது. உயிர் மட்டும் தங்கியது. வலது கால் மடங்குவது அன்றோடு நின்றது. நின்றுகொண்டே செய்கிற வேலை, அதுவும் போயிற்று.

கமிட்டி என்ன சொன்னது? விளையாட்டு என்றால் அடிபடத்தான் செய்யும் என்றது. ஆம்புலன்ஸைப் பற்றி யாராவது வாயைத் திறந்தால், விளையாட்டில் அரசியலைக் கலக்காதீர்கள் என்றது.

இந்த வாக்கியத்தைக் கேட்டாலே எனக்கு வயிறு எரியும். ரேஸ் பைத்தியமான நான் உலகத்து ரேஸ் கதைகளையெல்லாம் போனில் படித்துக்கொண்டிருப்பேன். எங்கே பார்த்தாலும் இதே பாட்டுத்தான். கறுப்பு மக்களை ஒதுக்கி வைத்திருந்த தென்னாப்பிரிக்காவுக்குக் கார் ரேஸ் ஓட்டப் போகமாட்டோம் என்று சில டீம்கள் விலகியபோது, விளையாட்டில் அரசியல் வேண்டாம் என்று மற்றவர்கள் போய் ஓட்டினார்கள். ஒரு பாலைவன நாட்டில் ஜனங்கள் தெருவில் இறங்கிப் போராடியபோது ஒரு வருடம் ரேஸை நிறுத்தினார்கள், மறுவருடம் வெளியே போராட்டம் நடக்க நடக்க உள்ளே ஓட்டினார்கள். காடும் வீடுமாக இருந்த ஒரு பழைய டிராக்கில் தடுப்பு வேலி போடாமல் ஓட்டமாட்டோம் என்று ஓட்டுநர்கள் நின்றபோது, பயந்தாங்கொள்ளிகள் என்று திட்டினார்கள். அவரவர் நண்பர்களைப் பாடையில் அனுப்பிவிட்டு நின்றவர்கள் அவர்கள். திட்டியவர்கள் ஒருவரும் வண்டியில் உட்கார்ந்தவர்கள் இல்லை.

மோகனைப் பார்க்கப் போகும்போதெல்லாம் பஸ்ஸில் இந்தக் கதைகளை ஆபாவுக்குச் சொல்வேன். அவருக்குப் பிடித்தது ஒரே ஒரு கதைதான். லைசென்ஸ் விதி ஒன்றை எதிர்த்து ஓட்டுநர்கள் எல்லோரும் ஒரு ஓட்டல் ஹாலில் போய்க் கதவை அடைத்துக்கொண்டு, தரையில் மெத்தை போட்டுப் படுத்தார்களாம். யாரும் தனியாகப் போய் முதலாளியிடம் விழுந்துவிடக் கூடாது என்று அப்படி. அவர்களில் ஒருவர் பியானோ வாசித்தாராம். ஆபா யோசித்துவிட்டுக் கேட்டார்: "அவங்கல்லாம் ஓட்டல்ல ஸ்டிரைக் பண்ணாங்க. நம்ம எங்கப்பா பண்றது, மாட்டுச் சந்தையிலயா?" பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர்கூடச் சிரித்துவிட்டார்.

அடுத்த ரேஸுக்கு முன்னால் ஆபா மேனேஜரிடம் போய் ஒன்றே ஒன்று கேட்டார். கடைசி வண்டி நிற்கும்வரை ஆம்புலன்ஸ் இடத்தை விட்டு அசையக் கூடாது. மேனேஜர் சத்தியம் செய்யாத குறையாக ஒப்புக்கொண்டார்.

ரேஸ் அன்று ஆம்புலன்ஸ் வந்தது, நின்றது. ஆபா போய்ப் பின்கதவைத் திறந்து ஸ்ட்ரெச்சரைக்கூட இழுத்துப் பார்த்தார். எங்களுக்கெல்லாம் பொட்டு வைத்தார். பிறகு அதே பிரமுகர் வந்தார், அதே லேட். அதே மாதிரிப் பேசினார். இந்த முறை பேரணாம்பட்டில் ஒரு காதுகுத்து. நாங்கள் கோட்டில் வண்டியை நிறுத்தி எஞ்சினை உறும விட்டுக்கொண்டிருந்தோம், சைரன் சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தால் ஆம்புலன்ஸ் புழுதியைக் கிளப்பிக்கொண்டு கேட்டைத் தாண்டிப் போகிறது, பின்னால் கொடி கட்டிய கார்கள்.

ஆபா டிராக்குக்குள் நடந்து வந்தார். ஓடவில்லை, கத்தவில்லை. முதல் வண்டியில் இருந்தவன் ஹெல்மெட்டிலிருந்து பச்சைப் பொட்டை நகத்தால் பிய்த்தார். அடுத்தவனுடையதைப் பிய்த்தார். நான் மூன்றாவது. குனிந்து கொடுத்தேன். வரிசை முழுக்க ஒவ்வொருவர் நெற்றியாகப் பிய்த்துக்கொண்டு போனார். சிலர் தலையைப் பின்னால் இழுத்துக்கொண்டார்கள். அவர்களைத் தோளில் பிடித்து இழுத்துப் பிய்த்தார். கிளவுஸ் போட்ட கைகளோடு இத்தனை ஆண்கள், ஒருவனாலும் அவரைத் தடுக்கமுடியவில்லை.

மேனேஜர் மேடையிலிருந்து ஓடி வந்தார். வேர்த்து ஊற்றியது. ஆயிரம் ஜனம் வந்திருக்கிறது, பத்து நிமிஷத்தில் வண்டி திரும்பிவிடும் என்று கெஞ்சினார். ஆபா அசையாமல் நிற்கவும் குரல் மாறியது. அப்புறம் அந்த வாக்கியம் வந்தது.

"ஸ்போர்ட்ஸ்ல பாலிடிக்ஸ் பண்ணாதீங்க ஆபா."

"ஆம்புலன்ஸு யாரு முன்னாடி போவுது சார்? பாலிடிக்ஸ் முன்னாடிதான போவுது. நானா அனுப்பினேன்?"

மேனேஜர் பொட்டு இல்லாமலே ஓட்டுங்கள் என்று எங்களிடம் கத்தினார். பேரணாம்பட்டுப் பையன் ஒருவன்தான் முதலில் எஞ்சினை நிறுத்தினான், நான் இரண்டாவது. ஒவ்வொன்றாக நின்றன. எல்லாச் சத்தமும் அடங்கியபோது ஜனங்களின் சத்தம் கேட்டது. பாவம், வெயிலில் காத்திருந்தவர்கள். கோழைகள் என்றார்கள், வளையல் போட்டுக்கொள் என்றார்கள். தண்ணீர்ப் பாக்கெட் பறந்து வந்தது, ஒன்று ஆபாவின் முதுகில் பட்டு உடைந்தது. மைக்கில் டிராக்கில் ஈரம் இருப்பதால் தாமதம் என்று பச்சைப் பொய் சொன்னார்கள். மாசி வெயிலில் ஈரம்! ஆம்புலன்ஸ் திரும்பி வந்தபோது வெளிச்சம் போய்விட்டது. ரேஸ் நடக்கவில்லை.

திங்கட்கிழமை காலையிலேயே ஆபாவைச் செக்கிங்கிலிருந்து எடுத்து நூல் வெட்டுகிற மேஜைக்குப் போட்டார்கள். வேலைக்குப் புதிதாக வரும் பெண் பிள்ளைகளுக்குக் கொடுக்கிற வேலை அது. தான் வேலை கற்றுக்கொடுத்த பெண்ணே தனக்குச் சூப்பர்வைசராக நிற்க, தலை குனிந்து நூல் வெட்டவேண்டும். வெட்டினார். அதோடு விட்டார்களா? எங்களை ஒரு கல்யாண மண்டபத்துக்குக் கூப்பிட்டு, அந்தப் பொம்பளை தூண்டிவிட்டதால்தான் நிறுத்தினோம் என்று கமிட்டி முன்னால் வாயால் சொன்னால் போதும், அடுத்த வருடம் ஓட்டலாம் என்றார்கள். பியானோ இல்லாத ஹால் அது, கதவும் அடைக்கவில்லை. ஒவ்வொருத்தனாக எழுந்து சொன்னான். நானும் பேரணாம்பட்டுப் பையனும் சொல்லவில்லை. இன்று வரைக்கும் நான் அந்த டிராக்கில் ஓட்டவில்லை. சொன்னவர்களைப் பெயர் சொல்லித் திட்ட ஆசைதான். ஊர் சின்னது, தினமும் முகத்தில் முழிக்கவேண்டும்.

ஆபாவிடம் போய் ஆத்திரத்தோடு சொன்னபோது அவர் அவர்கள்மேல் கோபப்படவே இல்லை. சின்ன வயசு, ஓட்டவேண்டும் என்று ஆசை இருக்காதா என்றார். எனக்கு அவர்மேலேயே கோபம் வந்தது. கொஞ்ச நாளில் ஃபாக்டரியை விட்டு, ஒரு வீட்டு மாடியில் வேலைக்குப் போடுகிற கிளவுஸ் தைக்கிற சின்ன யூனிட்டுக்குப் போய்விட்டார். அங்கேயும் அம்பு ஒட்டிக்கொண்டிருப்பதாகக் கேள்வி.

அடுத்த ரேஸின் போஸ்டரைப் பார்த்திருக்கவேண்டும் நீங்கள். பைக்கைவிடப் பெரிதாக ஆம்புலன்ஸ் படம்! முழு மருத்துவ வசதியுடன் என்று கொட்டை எழுத்தில். யாருடைய முயற்சியாம்? பிரமுகருடைய முயற்சியாம். இப்படியே வருடங்கள் போயின. அதன்பிறகு இடத்தை விட்டு அசையாமல் நின்ற ஆம்புலன்ஸால் பிழைத்தவர்கள் இருக்கிறார்கள், மண்டபத்தில் எழுந்து சொன்னவர்களில் ஒருவன் உள்பட.

இந்த வருடம் திடீரென்று கமிட்டிக்கு ஞானம் பிறந்தது. மேனேஜர் ரிட்டயர் ஆகிவிட்டார், புது ஆட்கள். மகளிர் பெருமை என்று ஆபாவை மேடையேற்றிப் பொன்னாடை போர்த்தவேண்டும் என்று வீட்டுக்கே வந்தார்கள். நானும் அன்று அங்கே இருந்தேன். ஆபா அவர்கள் கால்களைப் பார்த்து முடித்துவிட்டுச் சொன்னார்:

"மோகனை மேடைக்குக் கூப்புடுங்க. ஏன் அவன் கால் மடங்கலன்னு மைக்ல சொல்லுங்க. அப்பறம் நான் வர்றேன்."

அதெல்லாம் பழைய கதை, எதற்குக் கிளறவேண்டும், விழாவில் அரசியல் வேண்டாமே என்றார்கள் வந்தவர்கள். ஆளும் பேரும்தான் மாறியிருக்கிறது, வாக்கியம் அதேதான். ஆபா டீ கொடுத்து அனுப்பிவிட்டார்.

ரேஸ் அன்று நான், மோகன், ஆபா மூன்று பேரும் டிக்கெட் எடுத்துக்கொண்டு ஜனங்களோடு உட்கார்ந்தோம். மோகன் காலை நீட்ட வசதியாக ஓரத்தில் இடம் பிடித்தோம். மேடையில் பொன்னாடை மரியாதை ஆரம்பித்தது. ஆபாவின் பெயரை மைக்கில் கூப்பிட்டார்கள். கூப்பிட்டுவிட்டு, உடல்நலக் குறைவால் அவர் வர இயலவில்லை, அவர் சார்பில் கமிட்டித் தலைவர் பொன்னாடையைப் பெற்றுக்கொள்கிறார் என்றார்கள். தலைவர் வந்து தலை குனிந்து போர்த்திக்கொண்டார். ஜனங்கள் கை தட்டினார்கள்.

உடல்நலக் குறைவா? கல்லு மாதிரி பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாரே! மைக்கைப் பிடுங்கி அத்தனையையும் சொல்லிவிடுவது என்று எழுந்தேன். மோகனும் தடியை ஊன்றி எழப் பார்த்தான். ஆபா என் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்தார். அவர் மேடையைப் பார்க்கவே இல்லை. டிராக் ஓரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மேடையை அப்பறம் பாத்துக்கலாம். ஆம்புலன்ஸ்ல டிரைவர் இல்லப்பா. பிரியாணிக்கு கியூல நிக்கிறான் பாரு, நீலச் சட்டை. வண்டிங்க கோட்டுக்கு வந்துடுச்சு. ஓடு, மொதல்ல அவனை இட்டுக்னு வா."

ஓடினேன். பொட்டலம் கைக்கு வராமல் வரமாட்டேன் என்றான் நீலச் சட்டை. தோளில் கை போட்டு இழுத்துக்கொண்டு வந்தேன். அவன் ஏறி உட்கார்ந்து கதவைச் சாத்தினான். திரும்பிப் பார்த்தால், அங்கே பொன்னாடையோடு தலைவர் கொடியை உயர்த்திவிட்டார். எதிர்ப்பக்கம் ஜனங்களுக்கு நடுவே ஆபா எழுந்து நின்று, டிரைவர் சீட்டில் ஆள் இருக்கிறானா என்று கண்ணுக்கு மேலே கையை வைத்துப் பார்த்துவிட்டு, உட்கார்ந்தார்.